வலது பக்கத்துக் குரல்

ஆஸ்பத்திரிப் படிக்கட்டில், ஸ்கேன் உறையை அக்குளில் இடுக்கிக்கொண்டு நின்ற மாஸ்டரை அப்படியே விட்டுவிட்டு வந்தோம். அதற்கப்புறம் நாலு நாள் ஓடிப்போயிற்று.

நடுவில் வந்து சேர்ந்தவர்களுக்காக நாலு வரி. மாஸ்டர் என்று எல்லோரும் கூப்பிடுகிற இந்தப் பெண்ணின் வலது காதுக்குள்ளே, மூளைக்குப் போகும் நரம்பின் மேல் பட்டாணி அளவில் ஒரு கட்டி. புற்று இல்லை. ஆனால் வளர்கிறது, எடுத்தாக வேண்டும். 'கட்டி' என்ற சொல்லுக்குப் பிறகு டாக்டர் பேசியது எதுவும் அவள் மண்டையில் ஏறவில்லை. வெளியே வந்து, "அந்தக் காது போயிடும்னு நெனச்சுக்கோ. வேற ஒண்ணும் ஆகாது" என்று கணவர் சொன்னது மட்டும்தான் ஏறியது.

ஐம்பத்துமூன்று வயது மாஸ்டர் அப்போது அழவில்லை. கணவர் மருந்துச் சீட்டோடு வரிசையில் நிற்க, இவள் படியிறங்கி, தெருவைக் கடந்து, எதிரே இருந்த ஒலிக்கருவிக் கடைக்குள் போய், "இங்க உக்காந்து பாட்டு கேக்க முடியுமா?" என்று கேட்டாள். செவ்வாய்க்கிழமை மூன்று மணிக்கு வரச்சொன்னார்கள்.

இன்று செவ்வாய்க்கிழமை. ஆபரேஷனுக்கு இன்னும் ஒன்பது நாள்.

மாஸ்டர் என்பது அப்பா அம்மா வைத்த பெயர் இல்லை. ஆஸ்பத்திரிகளுக்கும் ஹோட்டல்களுக்கும் சீருடை தைக்கும் யூனிட்டில் அவள் கட்டிங் மாஸ்டர். நீள மேஜையில் எண்பது அடுக்குத் துணியை விரித்து, மேலே வரைபடத் தாளை ஒட்டி, கத்தி மெஷினை அதன் கோட்டிலேயே ஓட்டிக்கொண்டு போகிற வேலை. கை ஒரு நூல் பிசகினால் எண்பது சட்டை பிசகும். இருபத்தாறு வருஷத்தில் இரண்டு தடவைதான் பிசகியிருக்கிறது. இரண்டையும் இன்றைக்கும் அவளே சொல்லிச் சிரிப்பாள்.

அந்த வீட்டில் ஞாயிற்றுக்கிழமையிலிருந்து இன்னொரு மாஸ்டரும் இருந்தார். நாத்தனார். கணவரின் அக்கா. முப்பத்தைந்து வருஷம் நர்ஸ், அதில் கடைசிப் பத்து வருஷம் தலைமை நர்ஸ். இரண்டு பைகளோடு வந்து இறங்கிய அரைமணியில் மருந்துப் பெட்டியைக் கொட்டி அடுக்கினார். தம்பியின் செருப்பை வாசலில் நேராக வைக்கச் சொன்னார். குளியலறைக் குழாயில் ஒழுகிய சொட்டுக்கூட அவரைப் பார்த்து நின்றுவிட்டதாக மாஸ்டருக்கு ஒரு சந்தேகம்.

காலையில் கணவர் ஷூவுக்கு லேஸ் கட்டிக்கொண்டிருந்தபோது அவருடைய போன் அடித்தது. கை ஒழியாததால், "யாருன்னு பாரேன்" என்றார். மாஸ்டர் எடுத்தாள்.

"ஆஸ்பத்திரியில இருந்து பேசறேன்ங்க" என்றது ஓர் இளம்பெண் குரல். "ஆபரேஷன் பதிவு விஷயமா. முதல் வழியே போதும்னு சார் சொல்லியிருந்தாரு. அதையே உறுதி பண்ணிடலாமா?"

"முதல் வழின்னா? மொத்தம் எத்தனை வழி இருக்கு?"

மறுமுனையில் காகிதம் புரண்டது. "ரெண்டு இருக்குங்க. டாக்டர் குடுத்த தாள்லயே இருக்குமே. முதல் வழியில காதுக்குள்ள புகுந்துதான் போவாங்க. கேக்கற சக்தி முழுசா போயிடும். ஆனா முக நரம்புக்குப் பாதுகாப்பு ஜாஸ்தி. ரெண்டாவது, காதுக்குப் பின்னாடி எலும்பைத் திறந்து போறது. அதுல கேக்கறது தப்பிக்க வாய்ப்பு இருக்கு. பத்துல நாலுன்னு டாக்டர் சொல்லுவாரு. முகத்துக்குத்தான் ரிஸ்க் கொஞ்சம் கூட. நீங்க தாளைப் பாக்கலையா மேடம்?"

"இல்ல, பாக்கல" என்றாள் மாஸ்டர். "சாயங்காலத்துக்குள்ள நானே கூப்பிடறேன். அதுவரைக்கும் எதையும் உறுதி பண்ணாதீங்க."

போனை மேஜையில் வைத்துவிட்டுத் திரும்பினாள். கணவர் ஒரு ஷூவைக் கட்டியும் ஒரு ஷூவைக் கட்டாமலும் உட்கார்ந்திருந்தார். முகத்தில் ஈயாடவில்லை.

"தாள் எங்க?"

அவர் எழுந்து, கருவிப்பையின் பக்கவாட்டு அறையிலிருந்து எடுத்துக் கொடுத்தார். நாலாக மடித்த தாள். ஓரத்தில் கிரீஸ் கறை. அவர் லிஃப்ட் மெக்கானிக். அவர் கை பட்ட காகிதம் எதுவானாலும் அந்தக் கறை இருக்கும்.

"உனக்குப் பயம் வரக்கூடாதுன்னுதான்" என்று ஆரம்பித்தார்.

"பயந்தது யாரு?"

"நான்தான்" என்று உடனே ஒத்துக்கொண்டார். அதுதான் அவரிடம் இருந்த தொல்லை. சண்டை போட வாகாக நிற்கமாட்டார். "லிஃப்ட்ல ஒரு கயிறே எடையைத் தாங்கிடும். இருந்தாலும் நாலு போடுவோம். உள்ள ஆள் இருக்கே. பாதுகாப்பு எதுல ஜாஸ்தியோ அதைத்தான் எனக்குத் தேர்ந்தெடுக்கத் தெரியும்."

"நாலு கயிறு போடற மனுஷன், ரெண்டு காதுல ஒண்ணை அறுத்து விடச் சொல்லியிருக்கீங்க. அதுவும் என்னை ஒரு வார்த்தை கேக்காம."

உள்ளேயிருந்து நாத்தனார் கையைத் துடைத்துக்கொண்டே வந்தார்.

"அவனை எதுவும் சொல்லாதே. நான்தான் சொல்லச் சொன்னேன். தாளை எனக்குப் போன்ல படிச்சுக் காட்டினான். படிச்சு முடிக்கறதுக்குள்ள முதல் வழின்னு சொல்லிட்டேன். இதுல யோசிக்க என்ன இருக்கு?"

"யோசிக்க என்ன இருக்குன்னு எனக்கும் தெரியணும் இல்லையா அண்ணி?"

"இந்தாம்மா, நான் வார்டுல கண்ணால பாத்தவ. நான் சொல்றதை இந்தக் காதுல வாங்கி அந்தக் காதுல விட்டுடாதே."

"அதுக்கும் இனிமே வழியில்லயே. ஒரு காதுதான் மிஞ்சும்னு முடிவு பண்ணிட்டீங்க. வாங்கினது உள்ளயேதான் கிடக்கும்."

கணவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அக்காவின் முகத்தைப் பார்த்து அதை இருமலாக மாற்றிக்கொண்டார். மாஸ்டர் தாளைப் பையில் போட்டுக்கொண்டு வேலைக்குக் கிளம்பிவிட்டாள்.

யூனிட்டில் அன்று ஆஸ்பத்திரி ஆர்டர். எண்பது அடுக்கு இளநீலத் துணி. இடது கையில் இரும்பு வலைக் கையுறையை மாட்டிக்கொண்டு மெஷினைக் கிளப்பினாள். கத்தி மழுங்கப் போவதை அவளுக்குக் கண் சொல்வதற்கு முன்பே காது சொல்லிவிடும். மோட்டாரின் ரீங்காரம் அரைச் சுருதி இறங்கும். பக்கத்து மேஜை மெஷின் எந்தப் பக்கத்திலிருந்து நெருங்குகிறது என்பதும் அப்படித்தான். ஒரு காது போனால் சத்தம் கேட்கும், அது எங்கேயிருந்து வருகிறது என்பது கேட்காது. தாளில் அதுவும் இருந்தது. இடைவேளையில் மூன்று தடவை படித்திருந்தாள்.

மதியத்துக்கு மேல் அரைநாள் லீவு எழுதிக் கொடுத்துவிட்டு வெளியே வந்தால், கேட்டுக்கு எதிரே மர நிழலில் கைப்பையைக் கேடயம்போல் பிடித்துக்கொண்டு நாத்தனார் நின்றிருந்தார்.

"தலை சுத்தி எங்கயாவது விழுந்து வெச்சா? தனியா விடமாட்டேன்."

"நான் வீட்டுக்குப் போகல அண்ணி. பாட்டு கேக்கப் போறேன்."

"தெரியும். அவன் சொன்னான். நட."

கடைக்காரரை அந்த வட்டாரத்தில் கம்பி என்பார்கள். பாட்டின் பாதி அழகு ஸ்பீக்கருக்குப் போகும் கம்பியில் இருக்கிறது என்று யாரிடமும் மணிக்கணக்கில் வாதாடுவார். ஆளும் கம்பி மாதிரிதான் இருந்தார். கடையின் பின்பக்கம் ஓர் அறைக்குக் கூட்டிப்போனார். தடித்த திரை, தரை முழுக்கக் கம்பளம், சுவர்களில் பஞ்சுப் பலகை. ஒரே ஒரு சோபா. எதிரே மார்பு உயரத்துக்கு இரண்டு ஸ்பீக்கர்கள், ஒன்றுக்கொன்று கோபித்துக்கொண்ட மாதிரி தள்ளித் தள்ளி நின்றன. கதவைச் சாத்தியதும் தெருச் சத்தம் மொத்தமும் நின்றது.

"ஐ.சி.யூ மாதிரி இருக்கு" என்றார் நாத்தனார்.

"எந்தப் பாட்டு போடட்டும்?" என்று கேட்டார் கம்பி.

மாஸ்டர் சொன்னாள். இருபது வருஷத்துக்கு முந்தி வந்த பாப் பாட்டு. காதலை முறித்துக்கொண்டு போனவனிடம், போனது போகட்டும், வாங்கிக்கொண்டு போன என் குடையை மட்டும் திருப்பிக் கொடு என்று ஒருத்தி கேட்கிற பாட்டு. பஸ்ஸிலும் சலூனிலும் சந்தையிலும் கதறிக் கதறி, கேட்டவர்களெல்லாம் சலித்துப்போன பாட்டு. மாஸ்டருக்கு மட்டும் சலிக்கவில்லை.

கம்பியின் புருவம் ஏறியது. "அந்தக் குடைப் பாட்டா? இந்த ரூமுக்கு வர்றவங்க பெரிய பெரிய வாத்தியக் கச்சேரியா கேப்பாங்க."

"ஏன், அது உங்க பெட்டியில ஓடாதா?"

"பெட்டிக்கு என்ன தெரியும், எதுவானாலும் ஓடும்" என்று சிரித்துவிட்டு, கையடக்கத் திரையில் தேட ஆரம்பித்தார். "இதுவரைக்கும் எதுல கேட்டிருக்கீங்க?"

"போன்ல. யூனிட் ரேடியோவுல."

"அது சுருக்கினதும்மா. ஃபைல் சின்னதா இருக்கணும்னு, 'இதை யாரும் கவனிக்கப் போறதில்ல'ன்னு ஒரு கணக்குப் போட்டு, பாட்டுல இருந்து கொஞ்சம் கொஞ்சமா கழிச்சுடுவாங்க. கழிச்சதைத் திரும்ப ஒட்ட முடியாது. இது லாஸ்லெஸ். ஒண்ணுமே கழிக்காதது. அதுலயும் ஹை-ரெஸ். ஸ்டூடியோவுல எவ்வளவு நுணுக்கமா பதிவு பண்ணாங்களோ அவ்வளவும் அப்படியே."

"நான் எதைக் கவனிக்க மாட்டேன்னு அவங்களுக்கு எப்படித் தெரியும்?" என்று மாஸ்டர் கேட்டாள்.

கேள்வியில் இருந்த சூடு தன்மேல் இல்லை என்று கம்பிக்குப் புரிந்தது. "நியாயமான கேள்வி" என்றார். "ஒரு உண்மையும் சொல்லிடறேன். ஹை-ரெஸ்ஸுக்கும் சாதாரண லாஸ்லெஸ்ஸுக்கும் உள்ள வித்தியாசம் எனக்கே பாதி நேரம் பிடிபடாது. ஆனா போனுக்கும் இதுக்கும் பிடிபடும்."

அவள் தன் காது விஷயத்தைச் சொன்னாள். அவர் உச்சுக்கொட்டவில்லை. எந்தக் காது, எவ்வளவு குறைச்சல் என்று மட்டும் கேட்டுக்கொண்டார். பிறகு பாட்டின் முதல் வரியை மட்டும் திரும்பத் திரும்ப ஓடவிட்டு, வலது ஸ்பீக்கரின் சத்தத்தை மட்டும் கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றினார்.

"இப்ப குரல் எங்க நிக்குது?"

"இடது பக்கம்."

"இப்ப?"

"நகர்ந்துடுச்சு. இன்னும் கொஞ்சம். இன்னும்..." மாஸ்டர் முன்னால் சாய்ந்தாள். "வந்துட்டா. நடுவுல வந்து நின்னுட்டா."

கம்பி பாட்டை முதலிலிருந்து போட்டு, திரையை அவள் கையில் கொடுத்துவிட்டு வெளியே போய்விட்டார்.

இரண்டு ஸ்பீக்கருக்கும் நடுவில், வெறும் சுவர் இருந்த இடத்தில், ஒரு பெண் நின்று பாடினாள். வரி முடிந்து அவள் மூச்சை இழுத்ததும், உதடு பிரிகிற சின்ன ஈரச்சத்தமும் கேட்டன. கிட்டார்காரரின் விரல் கம்பியில் வழுக்கிக்கொண்டு இறங்கியது. டிரம்ஸ் எங்கேயோ பின்னால், ஒரு பெரிய கூடத்தின் கோடியில் இருந்தது. போனில் இத்தனையும் ஒரு டப்பாவுக்குள் போட்டுக் குலுக்கிய மாதிரிதான் கேட்டிருக்கிறது.

'குடையைக் கொடு' என்று அவள் இரண்டாம் முறை கேட்டபோது, வலது பக்கத்தில், ஒரு எட்டுப் பின்னால், இன்னொருத்தி 'கொடுத்துவிடு' என்றாள்.

மாஸ்டர் அதை இத்தனை வருஷமாக எதிரொலி என்று நினைத்திருந்தாள். எதிரொலி இல்லை. வேறொரு பெண். குரல் கொஞ்சம் கரகரப்பு. கேட்கிறவளைவிடக் கோபம் அதிகம். தோழி பேசி முடிக்கட்டும் என்று பொறுத்திருந்து, பொறுக்கமுடியாமல் நடுவில் புகுகிறவளின் குரல். கடைசி வரியில் நடுவில் இருந்தவளுக்குக் குரல் தழுதழுத்த இடத்தில், வலது பக்கத்துக்காரி பாடவில்லை. சும்மா நின்றாள். அவள் சும்மா நின்றதுகூடக் கேட்டது.

பாட்டு முடிகிற இடத்தில், இசை தேய்ந்து போகும்போது, யாரோ ஒருத்தி லேசாகச் சிரித்தாள்.

மாஸ்டர் மறுபடி போட்டாள். இந்தத் தடவை பாட்டின் நடுவில் வலது உள்ளங்கையைக் காதின்மேல் அழுத்தி மூடிக்கொண்டாள். அறை அப்படியே சப்பென்று மடங்கியது. பாடினவள் இடது மூலைக்குப் போய்விட்டாள். கூடம் இல்லை, தூரம் இல்லை. கரகரத்த குரல்காரி இருந்த இடமே காணோம். வார்த்தைகள் வந்தன, ராகமும் வந்தது. சுவரில் ஒட்டிய விளம்பரத்தாள் பாடுவது போல இருந்தது.

கையை எடுத்தாள். வந்துவிட்டாள். மூடினாள். போய்விட்டாள். எடுத்தாள்.

இன்னும் ஒன்பது நாளில் இந்தக் கையை எடுக்கவே முடியாது என்று நினைத்தபோதுதான், நாலு நாளாக வராத அழுகை வந்தது. அதைத் துடைக்கவும் அவளுக்கு மனசில்லை. துடைக்கப் போனால் பாட்டில் கொஞ்சம் தவறிப்போகும்.

"அந்தப் பொண்ணு எங்க நிக்கறா?" என்று நாத்தனார் கேட்டார். சோபா விளிம்பில், கைப்பையை மடியில் வைத்தபடி, வலது ஸ்பீக்கருக்குப் பக்கத்தில் இருந்த வெற்றிடத்தை உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"உங்களுக்கும் தெரியுதா?"

"தெரியாம என்ன. அங்க, அந்தத் திரைக்கு முன்னாடி." சொல்லிவிட்டு, தன் மேலேயே எரிச்சல் வந்தவராக எழுந்துகொண்டார். "போதும். நேரமாச்சு."

பஸ் நிறுத்தத்தில் இருவரும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தார்கள். ஒரு பஸ் வந்து போயிற்று. இருவரும் ஏறவில்லை.

"நல்லாத்தான் இருக்கு" என்றார் நாத்தனார். "நான் மறுக்கல. ஆனா இதுக்காகவா முகத்தைப் பணயம் வைக்கப் போறே?"

மாஸ்டர் புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"என் வார்டுல ஒருத்தி இருந்தா. இதே கட்டி. எடுத்தப்ப முக நரம்பு போச்சு. வலது பக்கம் அப்படியே தொங்கிடுச்சு. கண்ணு மூடாது. காயாம இருக்க மருந்து விட்டு, தூங்கறப்ப நான்தான் பிளாஸ்திரி போட்டு ஒட்டிவிடுவேன். தண்ணி குடிச்சா வாயோரமா ஒழுகும், கைக்குட்டையை வெச்சுப் பிடிச்சுக்குவா. ரூம்ல இருந்த கண்ணாடியைச் சுவத்துப் பக்கமா திருப்பி வெக்கச் சொன்னா. நான்தான் திருப்பி வெச்சேன்." நாத்தனார் தெருவைப் பார்த்தபடியே பேசினார். "அவளுக்கு உன் வயசுகூட இல்ல. அதை உனக்குச் செய்யற தெம்பு என் கைக்கு இல்லம்மா."

அதிகாரம் எல்லாம் எங்கேயோ இறங்கிப்போயிருந்தது. இந்த மனுஷி இரண்டு பைகளோடு ஓடி வந்தது ஆட்டிவைக்க இல்லை, பயத்தில்தான் என்று மாஸ்டருக்கு அப்போதுதான் உறைத்தது. அந்த முகம் தனக்கே வந்துவிட்டதுபோல ஒரு கணம் வலது கன்னம் குளிர்ந்தது. கையால் தொட்டுப் பார்த்துக்கொண்டாள்.

"எனக்கும் பயமாத்தான் இருக்கு அண்ணி. அவங்களுக்கு எந்த வழியில பண்ணாங்க?"

"அப்பல்லாம் அந்த டாக்டருக்குத் தெரிஞ்ச ஒரே வழிதான்."

"அவங்ககிட்ட யாராவது கேட்டாங்களா? இப்படி ஆகலாம், சம்மதமான்னு?"

நாத்தனார் கைப்பையின் கொக்கியைத் திறந்து மூடினார். மறுபடி திறந்து மூடினார்.

"கேட்டிருக்கணும்" என்றார். "அவ புருஷன்கிட்ட கேட்டாங்க."

அடுத்த பஸ் வந்தது. ஏறினார்கள்.

கணவர் அன்று வழக்கத்தைவிட ஒரு மணி நேரம் முன்னாலேயே வந்திருந்தார். மூன்று கோப்பையில் டீ போட்டு மூடி வைத்திருந்தார். நாத்தனார் முகம் கழுவ உள்ளே போனதும், மாஸ்டரின் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு தணிந்த குரலில் பேசினார்.

"நாள் பூரா யோசிச்சேன். உன்னைக் கேக்காம சொன்னது தப்பு. மன்னிச்சுடு."

"சரி."

"ரெண்டாவது வழிதான் வேணும்னா அதையே பண்ணலாம். ஆனா அக்காகிட்டயும் ஆஸ்பத்திரியிலயும் பாட்டு கீட்டுன்னு சொல்லாதே. கத்தி மெஷின் ஓட்டறேன், சத்தம் எந்தப் பக்கத்துல இருந்து வருதுன்னு தெரியலன்னா கை போயிடும், வேலைக்குக் காது வேணும்னு சொல்லு. அது உண்மையும்தானே. யாரும் வாயைத் திறக்கமாட்டாங்க."

நல்ல யோசனைதான். உண்மையும்கூட. அதை அப்படியே எடுத்துப் போர்த்திக்கொண்டால் ஒருவரும் ஒரு கேள்வி கேட்க முடியாது. மதியம் மூன்று மணிக்கு முன்னால் என்றால் மாஸ்டரே அதைத்தான் சொல்லியிருப்பாள்.

"வேலை போனா வேற மேஜைக்கு மாத்துவாங்க" என்றாள். "பொத்தான் எண்ணிப் போடற மேஜையில உக்காருவேன். அதுக்காக நான் மண்டையைத் திறக்கமாட்டேன்."

"பின்ன?"

"பாட்டுக்குத்தான்."

"கொஞ்சம் மெதுவா..."

"எதுக்கு மெதுவா?" குரல் உயர்ந்துவிட்டது. உள்ளே குழாய்ச் சத்தம் நின்றதும் அவளுக்குத் தெரிந்தது. இருந்தும் குறைக்கவில்லை. "இருபத்தாறு வருஷமா யூனிட்டுக்குக் காது குடுத்திருக்கேன். வீட்டுக்குக் குடுத்திருக்கேன். யார் கூப்பிட்டாங்க, யார் இருமினாங்க, குக்கர் எத்தனை விசில் விட்டுச்சு, எல்லாத்துக்கும் குடுத்தாச்சு. எனக்குன்னு இந்தக் காதால நான் பண்ணினது ஒண்ணே ஒண்ணு. குப்பைப் பாட்டுன்னு நீங்க எல்லாரும் சொல்றதைக் கேட்டது. அதையும் அரைகுறையாத்தான் கேட்டிருக்கேன்னு இன்னிக்குத் தெரிஞ்சுக்கிட்டேன். அந்தப் பாட்டுல ரெண்டு பேர் இருக்காங்க. ஒருத்தி வலது பக்கம் நிக்கறா. அவளை இன்னிக்குத்தான் பாத்தேன். அவளை விட்டுட்டு வரமாட்டேன்."

கணவர் தன் உள்ளங்கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"முகம் கோணிப்போச்சுன்னா?" என்றார். காலையிலிருந்து தொண்டையில் நின்ற கேள்வி அது.

"என் முகத்தை நீங்கதான் பாக்கணும். என் காதால நான்தான் கேக்கணும். அவங்கவங்க வேலையை அவங்கவங்க பாப்போம்."

அவர் நிமிர்ந்தார். அவளுடைய முகத்தை, நெற்றியிலிருந்து முகவாய் வரைக்கும், ஒரு லிஃப்ட்டைச் சோதிக்கிற பொறுமையோடு பார்த்தார்.

"பாத்துக்கறேன்" என்றார்.

நாத்தனார் ஈரமுகத்தோடு வாசற்படியில் நின்றிருந்தார். மேஜையில் இருந்த போனை எடுத்து மாஸ்டரின் முன்னால் நகர்த்தி வைத்தார். சம்மதம் என்று அதற்கு அர்த்தமில்லை. ஆஸ்பத்திரிக்காரர்கள் கேட்க வேண்டியவளையே கேட்டுக்கொள்ளட்டும் என்றுதான் அர்த்தம். மாஸ்டருக்கு அதுவே போதுமாக இருந்தது.

காலையில் பேசிய அதே பெண்தான் எடுத்தாள்.

"நோயாளி நான்தான் பேசறேன். தாளைப் படிச்சுட்டேன். ரெண்டாவது வழியில பண்ணச் சொல்லுங்க."

"சரிங்க மேடம். முகத்துக்கு உள்ள ரிஸ்க்..."

"தெரியும். பத்துல நாலுதான் தேறும்ங்கறதும் தெரியும்."

விசைப்பலகை தட்டும் சத்தம். "காரணம்னு ஒரு கட்டம் இருக்கு. டாக்டர் பாப்பாரு. வேலை சம்பந்தமா, அந்த மாதிரி ஏதாவது எழுதட்டுமா?"

கணவர் அவளையே பார்த்தார். நாத்தனாரும் பார்த்தார்.

"பாட்டு கேக்கணும்னு எழுதுங்க."

"எப்படிங்க?"

"இப்ப சொன்னேனே, அப்படியே. பாட்டு கேக்கணும்."

மறுபடி விசைப்பலகைச் சத்தம். "எழுதிட்டேன்" என்றாள் அந்தப் பெண். அவள் குரலில் லேசாகச் சிரிப்பு இருந்தது. "ஆனா மேடம், ஒரு விஷயம். உங்க காது டெஸ்ட் ரெண்டு மாசம் பழசு. கட்டி வளர வளர வார்த்தை பிரிஞ்சு புரியறது குறையும். பாதிக்கு மேல புரிஞ்சாத்தான் டாக்டர் ரெண்டாவது வழிக்கு ஒத்துப்பாரு. அதுக்குக் கீழே போயிருந்தா முதல் வழிதான், வேற பேச்சில்லை. அதனால நாளைக்குப் புதுசா டெஸ்ட் எடுத்தாகணும்."

"எடுக்கலாம்" என்றாள் மாஸ்டர். "எத்தனை மணிக்கு?"

இரண்டு மாதமாகப் போன் வந்தால் இடது காதில் வைப்பதே அவளுக்குப் பழக்கமாகிவிட்டிருந்தது. இப்போது, யாரும் சொல்லாமலே, போனை வலது காதுக்கு மாற்றினாள்.

அந்தப் பெண் ஒரு நேரத்தைச் சொன்னாள். சத்தம் வந்தது. எட்டு என்றாளா, பத்து என்றாளா? சொல்லின் வால் மட்டும் காதில் விழுந்தது. தலை எங்கேயோ கரைந்துபோயிருந்தது.

நாத்தனார் முப்பத்தைந்து வருஷம் நோயாளிகளின் முகத்தைப் படித்தவர். சட்டென்று ஒரு அடி முன்னால் வந்தார். இடது பக்கம் மாற்று என்று கணவர் கையால் ஜாடை காட்டினார்.

மாஸ்டர் மாற்றவில்லை. போனை இன்னும் நெருக்கமாக வலது காதோடு அழுத்திக்கொண்டாள்.

"சரியா கேக்கல" என்றாள். "இன்னொரு தடவை சொல்லுங்க."